மௌனப்படத்துக்கு வாய் ஒட்டியவர்களுக்கு

இயக்குநர் லுபிட்ச் எடுத்த 'லேடி விண்டர்மியர்ஸ் ஃபேன்' மௌனப்படத்தின் அடியில், மூல நாடகத்தை எழுதிய ஆஸ்கர் வைல்டின் வசனங்களைத் தமிழ் சப்டைட்டிலாக ஓடவிட்ட அந்தத் திரையிடலைப் பற்றி ஆளாளுக்கு எழுதியாகிவிட்டது. "வைல்டின் வசனங்களோடு மௌனப்படம், என்ன ஒரு புதுமை!" என்று இதயங்கள் பறக்கின்றன. என் பங்குக்கும் சொல்லிவிடுகிறேன். லுபிட்ச் வசனத்தை மறந்துவிட்டுப் போகவில்லை. வேண்டாம் என்று விட்டார்.

'லேடி விண்டர்மியர்ஸ் ஃபேன்' நாடகம் 1892இல் லண்டன் செயின்ட் ஜேம்ஸ் தியேட்டரில் அரங்கேறியது. வாய்க்கு வாய் வெட்டிப் பேசுவதுதான் அதன் உயிர். 1925இல் வார்னர் பிரதர்ஸுக்காக அதை எடுத்த எர்ன்ஸ்ட் லுபிட்ச், புகழ்பெற்ற அந்தப் பொன்மொழிகளில் ஒன்றைக்கூட டைட்டில் கார்டில், அதாவது காட்சிக்கு நடுவே எழுத்து மட்டும் வரும் அட்டையில், வைக்கவில்லை. சோம்பேறித்தனமா? கணக்கு போட்டுப் பாருங்கள். 35 எம்எம் பிலிமில் அடிக்கு 16 ஃபிரேம். நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் ஒரு கார்டை 6 நொடி நிறுத்தினால் 9 அடி போச்சு. அந்த 9 அடியில் முகம் இல்லை. முகம் திரும்ப வரும்போது சொன்னவர் வாயை மூடியிருப்பார், கேட்டவர் பாதி சிரித்து முடித்திருப்பார். பதிலுக்குப் பதில் பத்து வரி என்றால் பத்து முறை இந்த வெட்டு. சாரா பெர்னார்ட் நடித்த 1912 'குயீன் எலிசபெத்' பார்த்தவர்களுக்கு இன்னொரு கொடுமையும் தெரியும். நடக்கப்போவதை கார்டு முதலில் சொல்லிவிடும். பிறகு கேமரா அசையாமல் உட்கார்ந்து அதையே காட்டும்.

லுபிட்ச் என்ன செய்தார்? ஒரு மேஜை. விண்டர்மியர் ஒரு கடிதத்தை மனைவி கண்ணில் படாமல் மெல்லத் தன் பக்கம் நகர்த்துகிறார். அந்த மனைவி மேல் கண் வைத்திருக்கும் டார்லிங்டன் அந்தக் கையைப் பார்த்துவிடுகிறார். அவ்வளவுதான், இவருக்கு ஏதோ ரகசியம் இருக்கிறது, அவர் அதைப் பயன்படுத்தப்போகிறார் என்று நமக்குத் தெரிந்துவிடும். நாடகத்தில் இல்லவே இல்லாத குதிரைப் பந்தயக் காட்சியில், குதிரையை விட்டுவிட்டு ஊரே பைனாகுலரில், ஊர் வாயில் விழுந்த மிஸஸ் எர்லினைப் பார்க்கிறது. வம்பு பேசுவதற்கு இதைவிட நல்ல வசனம் எழுத முடியுமா?

"சப்டைட்டில் முகத்தை வெட்டுவதில்லையே, அடியில்தானே ஓடுகிறது?" என்பார்கள். நியாயமான கேள்விதான். படத்தை நீங்கள் வெட்டவில்லை, கண்ணை வெட்டினீர்கள். இரண்டு வரித் தமிழைப் படிக்க 4, 5 நொடி வேண்டும். கடிதம் நகர்வதும் அதே 4, 5 நொடிதான். எதைப் பார்ப்பது? பந்தயம் முடிந்து மிஸஸ் எர்லின் மேல் மயங்கிய லார்ட் அகஸ்டஸ் அவள் பின்னால் விரைந்து நடக்கிறாரே, அவர் நெருங்க நெருங்கத் திரையே ஒரு பக்கமிருந்து கறுத்துச் சுருங்கும். அந்தக் கறுப்பின் மேல் பளிச்சென்று 'நாம் எல்லோரும் சாக்கடையில்தான் கிடக்கிறோம், ஆனால் சிலர் நட்சத்திரங்களைப் பார்க்கிறோம்' என்ற வரி! அது மூன்றாம் அங்கத்தில் டார்லிங்டன் பேசுவது ஐயா. அகஸ்டஸுக்கு அந்த அளவு மூளை இருந்திருந்தால் கதையே வேறு.

"சாதாரண ரசிகனுக்குப் புரிய வேண்டாமா?" புரிய வேண்டியதற்குத்தான் கார்டு இருக்கிறது. கார்டு வரும் நேரத்துக்கு மட்டும் தமிழ் போடுங்கள். கடிதத்தை குளோசப்பில் காட்டும்போது போடுங்கள், அதை விட்டால் கதையே போய்விடும். மற்ற நேரம் திரையின் அடிப்பகுதி காலியாக இருக்கட்டும். ஒரு மாலை வேலை. "மௌனப்பட போலீஸ்" என்று பட்டம் கொடுக்கச் செலவழித்த நேரத்தில் முடித்திருக்கலாம்.

"வைல்டை மதிக்கிறோம்" என்பதற்கு நான் பதில் சொல்வதாக இல்லை. மதித்தால் நாடகத்தைப் போடுங்கள். இரண்டே வருடத்தில், 1927இல், அதே வார்னர் கம்பெனிதான் 'ஜாஸ் சிங்க'ரில் திரையைப் பேச வைத்தது. பேச்சு வேண்டுமென்றால் அதற்குப் பிறகு ஆயிரம் படம் இருக்கிறது. பேசாத ஒன்றைத்தானா பிடித்து உலுக்க வேண்டும்?

எனக்கு உண்மையில் வலித்தது வேறு. மிஸஸ் எர்லின்தான் பெற்ற தாய் என்பது நாயகி லேடி விண்டர்மியருக்குக் கடைசிவரை தெரியாது. வைல்ட் அதை முதலில் பார்வையாளருக்கும் கடைசிவரை மறைத்துத்தான் வைத்திருந்தார். தயாரித்து நடித்த ஜார்ஜ் அலெக்சாண்டர் வற்புறுத்தியதால் முன்னால் நகர்த்தினார். லுபிட்ச் இன்னும் துணிந்து தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறார். அதனால் படம் முழுக்க மகளைப் பார்க்கும், மிஸஸ் எர்லினாக நடித்த ஐரீன் ரிச்சின் முகத்தில், மகளுக்குத் தெரியாத ஒன்றை நாம் மட்டும் படித்துக்கொண்டே இருக்கிறோம். டார்லிங்டன் அறையில் மகளின் விசிறி அகப்பட்டுக்கொள்ள, பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டு அத்தனை ஆண்களுக்கும் முன்னால் வந்து நிற்கிறாளே, அந்த முகம். அந்த நேரத்தில் அரங்கமே குனிந்து அடியில் ஓடிய வரியைப் படித்துச் சிரித்துக்கொண்டிருந்தது.