அந்த ரேடியோ அறிவிப்பை என் அப்பா கேட்டார்

ஊழல் அரசை ராணுவம் கவிழ்த்தால்தான் நாடு உருப்படும் என்ற அந்தப் பதிவை உங்களில் பாதிப் பேர் பார்த்திருப்பீர்கள். என் கமெண்ட்டுக்குக் கீழே விழுந்த வசவுகளையும் பார்த்திருப்பீர்கள். "ஊழல்வாதிக்கு வக்காலத்து வாங்குகிறார்." "அவங்க அப்பா நைராவுக்கு வேலை பார்த்தவர்தானே, வாயைத் திறந்திருப்பாரா?" நைரா என்றால் நைஜீரியப் பணம். இரண்டு நாளாகத் தூக்கம் சரியில்லை.

நான் சொன்னது ஒன்றுதான். ஊழல் அரசை ராணுவம் கவிழ்த்தால் ஊழல் போகாது. அதைத் தட்டிக்கேட்கிற ஆள்தான் போவான்.

நைஜீரியாவில் 1966 ஜனவரி 15 அன்று இளம் மேஜர்கள் சேர்ந்து பிரதமர் பலேவாவையும் இரண்டு மாகாண முதல்வர்களையும் நிதியமைச்சரையும் கொன்றார்கள். வடக்கு நைஜீரியாவின் கடூனா நகர வானொலியில் பேசிய மேஜர் ன்செயோக்வுவுக்கு வயது 28. லஞ்சம் வாங்குபவர்களும் பத்து சதவீதம் கேட்பவர்களும்தான் எதிரிகள் என்றார். அவர் மனசார நம்பித்தான் சொன்னார் என்று நானும் நினைக்கிறேன். ஆனால் மேஜர்களில் பெரும்பாலோர் தென்கிழக்கைச் சேர்ந்த இக்போ இனத்தவர், செத்த அரசியல் தலைவர்களில் இக்போ யாரும் இல்லை. ஜூலையில் எதிர்க்கலகம். வடக்கே இக்போக்கள் படுகொலை. அப்புறம் இக்போக்கள் தனிநாடாகப் பிரிந்த பியாஃப்ரா போர், பட்டினியில் லட்சக்கணக்கான சாவு. ன்செயோக்வுவும் 1967இல் அந்தப் போரிலேயே போய்ச் சேர்ந்தார்.

சரி, அது பழைய கதை என்பீர்கள். 1983 டிசம்பர் 31 பழைய கதை இல்லை, அன்று நாங்கள் கடூனாவில் இருந்தோம். அப்பா அங்கே பள்ளியில் கணக்கு வாத்தியார், எனக்கு எட்டு வயது. மருத்துவமனைகளில் மருந்தில்லை, தண்ணீரில்லை என்று ஆட்சியைக் குற்றம்சாட்டி, ராணுவம் அதைக் கவிழ்த்துவிட்டது என்று ரேடியோவில் ஒரு பிரிகேடியர் பேசினார். தெருவில் ஆடினார்கள். அப்பாவும் "இனிமேலாவது உருப்படட்டும்" என்றார்.

நாலே மாதத்தில் நைரா நோட்டின் நிறத்தை மாற்றினார்கள். பழைய நோட்டை மாற்ற வங்கி வாசலில் வரிசை. அப்பாவுக்கு முன்னால் நின்ற வேர்க்கடலை விற்கும் பாட்டி, வெயில் தாங்காமல் இரண்டு எட்டு நிழலுக்கு நகர்ந்தாள். சிப்பாய் கொபோகோவை வீசினான். கொபோகோ என்றால் தோல் சவுக்கு. தட்டிலிருந்த கடலை மண்ணில் சிதறியது. யாரும் குனிந்து பொறுக்கவில்லை. அப்பா அன்று ராத்திரி சாப்பிடவில்லை.

அந்தப் பிரிகேடியர் பெயர் சானி அபாச்சா. 1993இல் அவரே நாட்டின் தலைவர் ஆனார். அவர் சுருட்டிய பணம், அவர் செத்து 20 வருஷம் கழித்தும் வெளிநாட்டு வங்கிகளிலிருந்து திரும்பிக்கொண்டிருந்தது. மருந்தில்லை என்று ரேடியோவில் பேசிய அதே ஆள்!

"போர்ச்சுகலில் நடக்கவில்லையா?" என்று ஒருவர் கேட்டார். 1974இல் அங்கே ராணுவத்தினர் கவிழ்த்தது சர்வாதிகாரத்தை, சரியாக ஒரே வருஷத்தில் தேர்தலும் நடத்தினார்கள். அதையும் இதையும் ஏன் முடிச்சுப் போடுகிறீர்கள்?

"அப்போ திருடனையே வைத்துக்கொள்ளவா?" இல்லை ஐயா. நானும் வரி கட்டுகிறேன், நானும் தாலுகா ஆபீஸ் வாசலில் நின்றிருக்கிறேன், எனக்கும் எரிகிறது. ஆனால் அந்த வாசலில் நின்று "ஏன் சார் லேட்?" என்று கத்த முடிகிறது. அப்பாவால் அன்று அந்தப் பாட்டிக்காக ஒரு வார்த்தை கேட்க முடியவில்லை. சாகிற வரை அதைச் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனார். அந்த மனிதரைத்தான் வாயைத் திறந்திருப்பாரா என்று கேட்கிறீர்கள்.

பதிவு இருக்கட்டும். அப்பாவைப் பற்றிய அந்த ஒரு கமெண்ட்டை மட்டும் எடுத்துவிடுங்கள்.