மூழ்கியதா, மூழ்கடித்தார்களா

'ஊர் மூழ்கியது' என்று சொன்னால் தண்ணீர் வந்தது, போனது, அவ்வளவுதான். 'ஊரை மூழ்கடித்தார்கள்' என்று சொன்னால், கேட்பவர் உடனே 'யார்?' என்று கேட்பார். தன்வினை, பிறவினை என்று பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு மறந்துபோன விஷயம்தான். அர்ஜென்டினாவில், 2003-இல் வெள்ளம் புகுந்த சாந்தா ஃபே என்ற ஆற்றங்கரை நகரத்து மக்கள் இருபது வருஷத்துக்கும் மேலாக இந்த ஒரு வித்தியாசத்துக்காகத் தெருவில் நிற்கிறார்கள். தங்களை அவர்கள் 'இனுந்தாதோஸ்' என்கிறார்கள்: வெள்ளத்தில் மூழ்கியவர்கள். அன்றைய ஆட்சியாளர்களை 'இனுந்தாதோரெஸ்' என்கிறார்கள்: மூழ்கடித்தவர்கள்.

நான் அந்த ஊருக்குப் போனதில்லை. ஆனாலும் பல மாதமாக அந்த ஊரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருக்கிறேன். மனதில் சேர்ந்ததை எங்காவது இறக்கிவைக்க வேண்டும் போலிருந்தது. நீளமான பதிவு, பொறுமையாகப் படியுங்கள்.

முதலில் ஊர் எங்கே உட்கார்ந்திருக்கிறது என்று பார்க்க வேண்டும். கிழக்கே சேத்தூபல் என்ற பெரிய ஏரி, அதைத் தாண்டித் தீவுகள், கிளையாறுகள், அதற்கும் அப்பால் பரானா. தென் அமெரிக்காவில் அமேசானுக்கு அடுத்த பெரிய ஆறு அது. மேற்கே சலாடோ என்ற இன்னொரு ஆறு. இரண்டும் தெற்கே சேர்கிற இடத்தில், நடுவில் ஒரு நாக்குப் போல நீண்டு கிடக்கும் மேட்டு நிலம்தான் ஊர். நகராட்சியின் எல்லைக்குள் பெரும்பகுதி ஆறு, ஏரி, சதுப்பு. மனிதர் குடியிருக்கத் தோதான நிலம் கொஞ்சம்தான்.

இந்த ஊர் ஒருமுறை இடம் மாறிய ஊர் என்பதுதான் என்னை முதலில் இழுத்தது. 1573 நவம்பரில் ஹுவான் தே கராய் என்ற ஸ்பானிய அதிகாரி இதை நிறுவியது இப்போதைய இடத்தில் இல்லை. வடக்கே சுமார் 80 கிலோமீட்டர் தள்ளி, இன்றைய கயஸ்தா பக்கத்தில். ஆறு கரையை அரித்துக்கொண்டே வந்தது. வெள்ளம் வந்தால் வழி அடைபட்டது. தங்கள் நிலத்தைப் பறிகொடுத்த பழங்குடி மக்களோடு ஓயாத சண்டை. 1650 வாக்கில் ஊரையே பெயர்த்துக்கொண்டு போவது என்று முடிவெடுத்தார்கள். பத்து வருஷம் போல ஆனது. புது இடத்தில் பழைய தெருக்களின் அதே கட்டத்தைப் போட்டு, பழைய ஊரில் யார் வீடு எந்த மனையில் இருந்ததோ புது ஊரிலும் அதே மனையைக் கொடுத்தார்கள். பக்கத்து வீட்டுக்காரர் பக்கத்து வீட்டுக்காரராகவே இருந்தார். பெயரில் மட்டும் 'தே லா வேரா க்ரூஸ்' என்று ஒட்டிக்கொண்டார்கள், மெய்ச்சிலுவையின் சாந்தா ஃபே என்று.

விட்டுவிட்டு வந்த ஊர் மண்ணுக்குள் போய்விட்டது. 1949-இல் அகுஸ்தின் ஸபாத்தா கொல்யான் என்ற ஆய்வாளர் தோண்டி எடுத்தார். கோயில் தரைகளுக்கு அடியில் புதைக்கப்பட்டவர்களின் எலும்புகள் கிடைத்தன. பழைய ஊரின் ஒரு பகுதி கிடைக்கவே இல்லை. அதை ஆறு எப்போதோ தின்றுவிட்டது. அந்த வரியைப் படித்தபோது, மாறிப்போனவர்கள் சரியாகத்தான் முடிவெடுத்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன். அந்த மண்ணின் மக்களிடம் கேட்காமல் பிடித்த இடம் என்பது வேறு கதை, அதை மறைக்க முடியாது. ஆனால் ஆறு 'இது என் இடம்' என்று சொன்னபோது கேட்டுக்கொள்ளும் புத்தி அன்று இருந்தது.

புது இடத்திலும் தண்ணீர் விடவில்லை. 1825 வெள்ளத்தில் நடந்த ஒரு சம்பவத்தை அந்த ஊர்க்காரர்கள் இன்றும் சொல்கிறார்கள். பரானாவில் வெள்ளம் வந்தால் ஆகாயத்தாமரைத் திட்டுகள் தீவு தீவாக மிதந்து வரும். அவர்கள் 'கமலோத்தே' என்பார்கள். நம் ஏரிகளை மூடிக்கொண்டு கிடக்கிறதே, அதே செடிதான். அதன் பூர்வீகமே தென் அமெரிக்கா. அந்தத் திட்டுகளில் பாம்பு வரும், சில சமயம் பெரிய விலங்கும் வரும். அப்படி ஒரு ஜாகுவார் மிதந்து வந்து சான் ஃபிரான்சிஸ்கோ மடத்துக்குள் புகுந்து துறவிகளைக் கொன்றது. பதினேழாம் நூற்றாண்டில் கட்டிய அந்த மடம் இன்றும் நிற்கிறது. அதுவும் தன் தீவு மூழ்கியதால் மேடு தேடி வந்த உயிர்தானே என்று எனக்குத் தோன்றியது.

தண்ணீர் கொடுத்த வாழ்வையும் சொல்ல வேண்டும். அர்ஜென்டினாவின் 1853 அரசியல் சட்டம் இந்த ஊரில்தான் எழுதப்பட்டது. பிற்பாடு 1994 உட்படப் பல முறை திருத்தம் செய்யவும் இங்கே கூடினார்கள். அந்தப் பிரதிநிதிகள் சாப்பிட்டதாகச் சொல்லப்படும் அல்ஃபஹோர் இனிப்பு இன்றும் ஊரின் பெருமை: மெல்லிய மாவுத் தகடுகளுக்கு நடுவில் பால்கோவா மாதிரி சுண்டக் காய்ச்சிய இனிப்பு, மேலே வெள்ளைச் சர்க்கரைப் பூச்சு. ஆற்று மீன் இல்லாமல் அந்த ஊரின் சமையல் இல்லை. சூருபி, பக்கூ, அப்புறம் சபாலோ. சபாலோ ஆற்றடிச் சேற்றில் மேயும் மீன், ஏழைகளின் மீன். கொலோன் கால்பந்து அணியின் ரசிகர்களுக்கு அதனால்தான் 'சபலேரோஸ்' என்று பெயர், சபாலோ பிடிக்கிறவர்கள். மீன் பெயரைத் தன் பெயராக வைத்துக்கொண்ட கூட்டம் எனக்கு உடனே பிடித்துப்போய்விட்டது.

1920-களில் ஏரியின் மேல் ஒரு தொங்கு பாலம் கட்டினார்கள். அந்தப் பக்கத்து ஆற்றிலிருந்து நகரத்துக்குக் குடிதண்ணீர்க் குழாயைக் கொண்டுவரத்தான் முதலில் அந்தப் பாலம். போகப்போக அதுவே ஊரின் முகமானது. 1983 செப்டம்பர் 28 அன்று, மாதக்கணக்கில் நீடித்த வெள்ளத்தில் அது விழுந்தது. பத்தொன்பது வருஷம் அரைப்பாலமாகவே நின்றது. 2002 செப்டம்பரில் மறுபடி கட்டி முடித்துத் திறந்தார்கள். ஊரே திரண்டு வந்து பார்த்தது.

இன்னொன்று சுரங்கப்பாதை. எதிர்க்கரையில் இருப்பது பரானா நகரம், வேறு மாகாணம். நடுவில் ஆறு. மேலே பாலம் போட மத்திய அரசின் அனுமதி வேண்டும், அது கிடைக்கவில்லை. இரண்டு மாகாணங்களும் சேர்ந்து ஆற்றுக்கு அடியில், கிட்டத்தட்ட 2.4 கிலோமீட்டருக்குக் குழாய் பதித்துச் சாலை போட்டுவிட்டார்கள். 1969-இல் திறந்தது. வேண்டும் என்று நினைத்தால் பரானாவுக்கு அடியிலேயே வழி செய்யத் தெரிந்தவர்கள் இவர்கள் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அடுத்து வருவதைப் படிக்கும்போது எனக்குத் திரும்பத் திரும்ப அதுதான் மனதில் வந்தது.

பாலம், ஏரிக்கரைச் சாலை, மாலை நடை, படம் எடுக்கும் இடம் எல்லாம் கிழக்கே. ஊரின் முகம் பரானா பக்கம். சலாடோ பக்கம் முதுகு. மேற்கே தாழ்ந்த நிலம், முன்பு ஆறு விரிந்து படுத்த இடம். வேலை தேடி வந்தவர்கள், தீவுகளிலிருந்து வெள்ளம் துரத்தி வந்தவர்கள், மேட்டில் மனை வாங்க முடியாதவர்கள் அங்கே குடியேறினார்கள். சாந்தா ரோசா தே லிமா, பர்ராங்கீத்தாஸ், செந்தெனாரியோ, சாலெத் என்று ஒவ்வொரு வட்டாரமாக வளர்ந்தது. இவர்களைக் காப்பதற்கென்று 1990களில் சலாடோவை ஒட்டி உயரமான கரை எழுப்பி அதன்மேல் சாலை போட்டார்கள். தெற்கிலிருந்து வடக்காகக் கட்டிக்கொண்டே வந்து, வடமேற்கில், குதிரைப் பந்தயத் திடலுக்குப் பக்கத்தில் நிறுத்திவிட்டார்கள். கடைசித் துண்டு கட்டவே இல்லை. திறப்பு விழா மட்டும் நடந்தது. ஆற்றுக்கும் ஊருக்கும் நடுவில் ஒரு வாசல் திறந்தபடி கிடந்தது, வருஷக்கணக்கில்.

2003 ஏப்ரல் கடைசி வாரம் சலாடோவின் மேல்பகுதியில் பேய்மழை. ஆறு நாள்கணக்கில் ஏறிக்கொண்டே வந்தது. ஏப்ரல் 27 ஞாயிறு அன்று நாடு முழுக்க அதிபர் தேர்தல். செவ்வாய்க்கிழமை, 29 அன்று, கட்டாமல் விட்ட அந்த வாசல் வழியாக ஆறு ஊருக்குள் வந்தது. அன்று காலை மேயர் வானொலியில் பேசினார். சில வட்டாரங்களைப் பெயர் சொல்லி, அங்கே இருப்பவர்கள் வெளியேற வேண்டியதில்லை என்றார். நம்பி வீட்டில் இருந்தவர்கள் தலையில் தண்ணீர் வந்தது.

இதற்கு மேல்தான் எனக்குத் தாங்கவில்லை. உள்ளே வந்த தண்ணீருக்கு வெளியே போக வழி இல்லை. தெற்குப் பக்கம் கரை முழுதாகக் கட்டியிருக்கிறதே! ஆற்றைத் தடுக்கக் கட்டிய சுவர் ஊரை ஒரு தொட்டியாக்கிவிட்டது. சுவருக்கு வெளியே ஆறு தாழ்ந்திருக்க, உள்ளே தண்ணீர் அதைவிட உயரத்தில் நின்றது. கூரை வரை நிரம்பிய வீடுகள். கடைசியில் வெடி வைத்துக் கரையைத் தகர்த்து வடியவிட்டார்கள். எந்தக் கரையைப் பாதுகாப்பு என்று சொல்லித் தந்தார்களோ அதையே உடைக்க வேண்டியிருந்தது. கரையே இல்லாதிருந்தால் தண்ணீர் வந்த வேகத்தில் போயிருக்கும் என்று நான் சொல்லவில்லை. பாதிக் கரை, கரை இல்லாததைவிட மோசம் என்கிறேன். கரை இருக்கிறது என்ற நம்பிக்கையில் மக்கள் தூங்குவார்கள்.

நகரத்தில் மூன்றில் ஒரு பங்கு தண்ணீருக்குள் போனது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வீடு இழந்து பள்ளிக்கூடங்களிலும் சொந்தக்காரர் வீடுகளிலும் ஒண்டினார்கள். குழந்தைகள் மருத்துவமனைக்குள் தண்ணீர் புகுந்து நோயாளிப் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். கொலோன் அணியின் மைதானம் குளமானது. பலர் கூரையை விட்டு இறங்க மறுத்தார்கள், கீழே மிஞ்சிய பொருளும் திருட்டுப் போய்விடும் என்று. இறந்தவர்கள் 23 பேர் என்றது அரசு. வெள்ளத்துக்குப் பின் நோயிலும் துக்கத்திலும் போனவர்களையும் சேர்த்தால் 150-க்கு மேல் என்கின்றன மக்கள் அமைப்புகள். நான் அமைப்புகளின் கணக்கைத்தான் நம்புகிறேன். மூழ்கிய வீட்டைப் பார்த்து நெஞ்சடைத்துச் செத்த முதியவரை வெள்ளத்தில் செத்தவர் என்று எழுதாமல் வேறு எப்படி எழுதுவது?

அப்போதைய ஆளுநர் கார்லோஸ் ரோய்த்தெமான், பழைய ஃபார்முலா ஒன் ஓட்டுநர். தன்னிடம் யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை என்றார். அதே ஊரில் நீரியலுக்கென்றே ஒரு பொறியியல் துறை வைத்திருக்கும் பல்கலைக்கழகம் இருக்கிறது. சலாடோ ஏறுவதை அளந்துகொண்டிருந்தவர்கள் இருந்தார்கள். கரையில் வாசல் திறந்திருப்பது அந்தச் சாலையில் போகும் எவருக்கும் கண்ணால் தெரியும். வழக்கு நடந்தது, நடந்தது, நடந்துகொண்டே இருந்தது. மேயர் தீர்ப்புக்கு முன்னால் இறந்துவிட்டார். 2019-இல், கிட்டத்தட்ட பதினாறு வருஷம் கழித்து, இரண்டு முன்னாள் அதிகாரிகளுக்கு மூன்று வருஷத் தண்டனை, அதுவும் சிறைக்குப் போகத் தேவையில்லாத நிறுத்திவைத்த தண்டனை. ஆளுநர் மீது நீதிமன்றத்தில் குற்றச்சாட்டுப் பதிவாகவே இல்லை. அவர் 2021-இல் காலமானார், கடைசிவரை செனட்டராகவே இருந்தார்.

'இயற்கைச் சீற்றம்' என்ற சொல்லை நான் இனி யோசிக்காமல் எழுதப் போவதில்லை. மழை இயற்கைதான், ஆறு ஏறுவதும் இயற்கைதான். கட்டாமல் விட்ட கரைத்துண்டு இயற்கை இல்லை. வானொலியில் சொன்ன சொல் இயற்கை இல்லை. மேட்டு நிலம் யாருக்கு, பள்ளம் யாருக்கு என்று பிரித்ததும் இயற்கை இல்லை.

2007 மார்ச்சில் மறுபடி. இந்த முறை ஆறு வரவில்லை, மழை மட்டும். சுவருக்குள் பெய்த மழையைப் பம்பு வைத்துத்தான் வெளியேற்ற முடியும், பம்புகள் ஈடுகொடுக்கவில்லை. நாலு வருஷத்துக்குள் அதே மேற்கு வட்டாரங்கள், அதே வீடுகள். அதற்குப் பிறகு நகராட்சி உண்மையாகவே மாறியது, அதைச் சொல்லாவிட்டால் நியாயமில்லை. எந்த வட்டாரத்துக்காரர் எந்தப் பக்கம் வெளியேற வேண்டும் என்று வரைபடம் போட்டு மக்களிடம் கொடுத்தார்கள். மழைநீர் தேங்க வேண்டிய மேற்குப் பள்ளங்களை மீட்டு, இயற்கைக் காப்பிடமாக அறிவித்தார்கள். 2011-இல், பேரிடர் அபாயத்தைக் குறைப்பதற்காகத் தரும் ஐ.நா.வின் சசகாவா விருது கிடைத்தது. இவ்வளவும் நல்லதுதான், மற்ற ஊர்கள் பார்த்துக் கற்க வேண்டியதுதான். ஆனால் விருது மேடையில் 'மீண்டெழுந்த நகரம்' என்று ஊரைப் பாராட்டும்போது, எழ முடியாமல் போனவர்களின் பெயர்களையும் யாராவது வாசிக்க வேண்டும்.

வாசிக்கிறார்கள், வேறு இடத்தில். அரசு மாளிகைக்கு எதிரே மே 25 சதுக்கத்தில் வெள்ளத்தில் பாதிக்கப்பட்டவர்கள் ஒரு கறுப்புக் கூடாரம் போட்டார்கள். நீதி கேட்டு அங்கே உட்கார்ந்தார்கள். ஏப்ரல் 29 வந்தால் இன்றும் அந்தச் சதுக்கத்தில்தான் கூடுகிறார்கள். அந்த வருஷம் கூரைமேல் நின்ற குழந்தைகள் இப்போது தங்கள் குழந்தைகளைக் கைப்பிடித்துக் கூட்டிவரும் வயதில் இருப்பார்கள். 1650-களில் ஊரைப் பெயர்த்துக் கொண்டுவந்தவர்கள் முதலில் அளந்து போட்ட சதுக்கம் அது. ஊரிலேயே பழைய மேடுகளில் ஒன்று. 2003-இல் தண்ணீர் அங்கே வரவில்லை.