பி ஃபார்ம் தெரிந்தவன் எழுதட்டும்

சனிக்கிழமை நாகர்கோவில் கட்சிக் கூட்டத்தில் நடந்ததை நான் திரும்பச் சொல்ல வேண்டாம், வீடியோ எல்லார் போனிலும் சுற்றிவிட்டது. "கட்சியில வேகாதவன்தான் சீரியலுக்கு வசனம் எழுதப் போவான்" என்று மைக்கைப் பிடித்துச் சொன்னார் அண்ணாச்சி. கட்சி வேலை பார்த்துவிட்டு இப்போது டிவி சீரியலுக்கு எழுதும் தம்பி ஒருத்தன் முன்வரிசையில் இருந்தான், தலையைக் குனிந்துகொண்டான். கைதட்டியவர்களில் பாதிப்பேர் அவன் எழுதிக் கொடுத்த நோட்டீஸை வைத்து ஓட்டுக் கேட்டவர்கள்.

உள்ளே கிடந்து வெந்தவனுக்குத்தான் அந்த எழுத்து வரும். நம்ம படங்களில் வேட்புமனுக் காட்சியைப் பாருங்கள். நூறு பேர் கோஷத்தோடு தேர்தல் அதிகாரி அறைக்குள் நுழைவார்கள். நிஜத்தில் வேட்பாளரோடு நாலு பேருக்குத்தான் அனுமதி. கடைசி நாள் மூன்று மணிக்குள் கட்சி சார்பில் யார் கையெழுத்துப் போடலாம் என்று சொல்லும் ஏ ஃபார்மும், யார் கட்சி வேட்பாளர் என்று சொல்லும் பி ஃபார்மும் அதிகாரி கைக்கு வந்தாக வேண்டும். கையெழுத்து மையில் இருக்க வேண்டும். ரப்பர் ஸ்டாம்பு செல்லாது, ஃபேக்ஸும் செல்லாது. பி ஃபார்மில் மாற்று வேட்பாளர் பெயரும் இருக்கும். முதல் ஆளின் மனு தள்ளுபடியானால் சின்னம் இந்த மாற்று ஆளுக்குப் போகும். மேலிடம் மனசு மாறினால், பழைய பி ஃபார்மை ரத்து செய்கிறோம் என்று எழுதிய புது ஃபார்ம் அதே மூன்று மணிக்குள் வர வேண்டும். இரண்டே முக்காலுக்கு அந்த ஃபார்மோடு வரும் கார் வழியில் சுங்கான்கடை பக்கம் மாட்டிக்கொண்டது என்று வையுங்கள். சண்டை, வில்லன் ஒன்றும் வேண்டாம், கடிகாரம் போதும். இதை வெளியே இருந்து ஒருத்தன் கற்பனையில் எழுதிவிடுவானா?

அமெரிக்காவில் ஈலை ஆட்டி என்று ஒருவர். துணை அதிபர் அல் கோரின் தலைமை உரை எழுத்தாளர். 2000 டிசம்பர் 13ஆம் தேதி கோர் தோல்வியை ஒப்புக்கொண்டு பேசிய உரையில் அவர் கை உண்டு. தோற்ற அணியில் இருந்த அந்த மனிதர் அடுத்த வருஷமே, அமெரிக்க அதிபர் மாளிகை அரசியலைக் காட்டும் 'தி வெஸ்ட் விங்' டிவி தொடருக்கு எழுதப் போனார். 2004இல் புது வேட்பாளர் பாத்திரம் ஒன்றை உருவாக்கும்போது, ஒபாமாவின் ஆலோசகர் டேவிட் ஆக்சல்ராடுக்கு போன் போட்டு, ஒபாமா எப்படிப்பட்டவர் என்று விசாரித்திருக்கிறார். அந்தப் போனை யாருக்கு எடுப்பார்கள்? தேர்தல் களத்தில் கிடந்தவனுக்குத்தான் எடுப்பார்கள். வேகாதவன் என்று அங்கே ஒருத்தரும் சொல்லவில்லை.

"கட்சி ரகசியத்தை விற்கிறான்" என்று சிலர் வருவார்கள். பி ஃபார்ம் ரகசியமா? தேர்தல் ஆணையக் கையேட்டில் கிடக்கிறது. அந்த அறையில் வேட்பாளருக்குத் தொண்டை எப்படி வறளும் என்பதுதான் கையேட்டில் இல்லாதது. "கட்சிச் சார்போடு எழுதுவான்" என்றால், எழுதலாம், இல்லை என்று சொல்லமாட்டேன். அதற்கும் எழுதியதைப் பார்த்துத்தான் தீர்ப்புச் சொல்ல வேண்டும். எழுதும் முன்பே மேடையில் வைத்து அவமானப்படுத்துவது எந்த ஊர் நியாயம்?

தி.மு.க.வைத் தொடங்கிய அதே 1949இல் வெளிவந்த, அண்ணா எழுதிய 'நல்லதம்பி' படத்தில் நடித்தவர் நம்ம ஒழுகினசேரி கலைவாணர். அண்ணாவை வேகாதவர் என்றா சொன்னோம்? தலைவர் எழுதினால் இலக்கியம், தொண்டன் எழுதினால் பிழைப்பா?

சீரியல் எழுத்து லேசான வேலையும் கிடையாது. அரை மணி நேர எபிசோட் என்றால் விளம்பரம் போகச் சுமார் இருபத்திரண்டு நிமிஷம். ஒன்லைன் என்கிற கதைச் சுருக்கம் ஓகே ஆன பிறகும் நடிகரின் கால்ஷீட் மாறினால் சீன் ஆர்டர் மாறும், ராத்திரியோடு ராத்திரியாக வசனம் மாறும். காலையில் வசனப் பேப்பர் ஷூட்டிங் ஸ்பாட்டுக்குப் போகவில்லை என்றால் மொத்த யூனிட்டும் சும்மா உட்கார்ந்திருக்கும். அப்படி முழித்திருந்து எழுதுகிற பையனைத்தான் ஊர் கூடிச் சிரித்தது. கட்சிக்கு ஆளில்லாத வார்டுகளில் அவன் ஒட்டிய போஸ்டர் இன்னும் கிழியவில்லை, அதற்குள் அவன் யாரோ ஆகிவிட்டான்.

அண்ணாச்சி, அடுத்த தேர்தலுக்கு நோட்டீஸ் எழுத ஆள் தேடி அவன் வீட்டுப் படிதான் ஏறுவீர்கள். அன்றைக்கு முதலில் இந்த மைக் பேச்சுக்கு அவனிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு அப்புறம் உட்காருங்கள்.