தபால் பாட்டுக்கு எத்தனை கவர்?

(கிதாரோடு சேகர். கையால் தட்டி வாசிக்கும் ககோன் பெட்டிமேல் உட்கார்ந்திருக்கிறான் பாபு.)

பாபு: அண்ணே, ஞாயித்துக்கிழமை எந்தப் பாட்டுக்குக் கவர்? யாரோட பாட்டை நாம பாடப்போறோம்?

சேகர்: 'ப்ளீஸ் மிஸ்டர் போஸ்ட்மேன்'.

பாபு: தபால் பாட்டுக்கே கவரா! ஸ்டாம்ப் எவ்ளோ ஒட்டணும்?

சேகர்: உன் வாயில ஒட்டுறேன் வா. 1961ல டெட்ராய்ட் மோட்டவுன் ரெக்கார்டு கம்பெனிக்காக மார்வலெட்ஸ்னு அஞ்சு பொண்ணுங்க பாடுனதுடா. அந்தக் கம்பெனி அமெரிக்கப் பாட்டுப் பட்டியலான பில்போர்டு ஹாட் 100ல முதல் தடவையா நம்பர் ஒன் வந்ததே இதுலதான்.

பாபு: அஞ்சு பேருமா லெட்டருக்குக் காத்திருந்தாங்க?

சேகர்: காத்திருந்தது ஒருத்தி, கிளாடிஸ் ஹார்ட்டன். மத்தவங்க பின்னாடி நின்னு பதில் சொன்னாங்க. பாட்டை எழுதுனவங்கள்ல ஃப்ரெடி கோர்மன்னு ஒருத்தர், நிஜமாவே போஸ்ட்மேன்.

பாபு: அதானே பார்த்தேன். மனுஷன் பையை ஓரமா வச்சுட்டுப் பாட்டு எழுதிருக்காரு, லெட்டர் எப்படிப் போய்ச் சேரும்?

சேகர்: டிரம்ஸ் வாசிச்சது மார்வின் கே. அப்போ அவர் இன்னும் பெரிய பாடகர் ஆகலை. அதனால பெட்டிமேல உட்கார்ந்திருக்கோமேன்னு கவலைப்படாதே.

பாபு: சரி, கஷ்டமான பாட்டா?

சேகர்: மொத்தமே நாலு கார்டு.

பாபு: போஸ்ட் கார்டா?

சேகர்: கிதார் கார்டுடா, சில சுரங்களைச் சேர்த்துப் பிடிச்சு அடிக்கிறது! ஏ, எஃப் ஷார்ப் மைனர், டி, இ. 1963ல பீட்டில்ஸ் பாடுனப்போ இந்த ஸ்ருதிதான். எஃப் ஷார்ப் மைனர் பிடிச்சுப் பிடிச்சு விரல் செத்துடும். கிதார் கழுத்துல ரெண்டாம் ஃப்ரெட் கட்டத்துல கேபோங்கிற கிளிப்பைப் போட்டா ஜி, இ மைனர், சி, டி பிடிச்சாப் போதும். அதே சத்தம், விரலும் பிழைக்கும்.

பாபு: நாலுதானே? டீ ஆறதுக்குள்ள முடிச்சிடலாம்.

சேகர்: அங்கதான் எல்லாரும் விழுறாங்க. ஒரு கார்டுக்கு ரெண்டு பார், ஒரு பாருக்கு நாலு தட்டு. நாலு கார்டுக்கும் சேர்த்து எட்டு பார். அவசரத்துல ஒரு பார்ல மாத்திட்டா, நான் பாதி வரியில நிப்பேன், நீ அடுத்த சுத்துல போய் நிப்பே.

பாபு: நடுவுல வேற மெட்டு வருமா, அங்க வந்து சேர்ந்துக்குவேன்.

சேகர்: வராது. கடைசி வரைக்கும் இதே சுத்துதான். அதனாலதான் பதில் குரலுக்கு அவ்ளோ வேலை. அதை எடுத்துட்டா, நாலு கார்டை வச்சுக்கிட்டு ஒருத்தன் புலம்புற மாதிரி இருக்கும்.

பாபு: நாம ரெண்டே பேராச்சே.

சேகர்: 1974ல கார்பென்டர்ஸும் ரெண்டு பேர்தான். அண்ணனும் தங்கச்சியும் தங்களோட குரலையே டிராக் மேல டிராக்கா அடுக்கிட்டாங்க. கேரன் கார்பென்டர் பாடுனதுமில்லாம டிரம்ஸும் வாசிச்சாங்க. 1975 ஜனவரியில மறுபடியும் அமெரிக்காவுல நம்பர் ஒன்.

பாபு: அப்போ நானும் நாலு பேரா பாடவா?

சேகர்: ஒருத்தனாப் பாடு, போதும். ஆனா பதிலை இழுக்காதே. இழுத்தா என் அடுத்த வரிமேல ஏறும். இன்னொண்ணு, வாய் திறந்தா உன் கை ஓடுது. தாளம் காட்டுற மெட்ரோனோமை நிமிஷத்துக்கு 120 தட்டுல வை. முதல்ல தட்டாம பதிலை மட்டும் பேச்சு மாதிரி சொல்லு. அப்புறம் ரெண்டாவது, நாலாவது தட்டை மட்டும் சேரு. அது நிலையா நின்ன பிறகுதான் பெட்டியோட கனமான கீழ்த்தட்டு.

பாபு: ஜனங்க ஒண்ணுலயும் மூணுலயும் கை தட்டுனா?

சேகர்: சிரிச்சுக்கிட்டே உன் தட்டைக் கெட்டியா அடி. அவங்க பின்னாடி போனே, தொலைஞ்சோம். சரி, ஆரம்பமே உன் குரல்தான். நான் எண்ணி முடிச்சதும் 'வெயிட்'. புரிஞ்சுதா?

பாபு: புரிஞ்சுது.

சேகர்: ஒன், டூ, த்ரீ, ஃபோர்...

(அமைதி.)

சேகர்: என்னடா?

பாபு: வெயிட் பண்றேண்ணே.