சேற்றுக்குப் பணிந்து கட்டிய ஊர்

வெனிஸ் போய்வந்தவர்களின் பதிவுகளில் ஒரு வரி தவறாமல் வருகிறது: "மூழ்குறதுக்கு முன்னாடி ஒரு தடவை பார்த்துடுங்க." அந்த வரியைப் படிக்கும்போதெல்லாம் மனசு கஷ்டப்படுகிறது. ஆயிரம் வருஷத்துக்கு மேல் தண்ணீரோடு வாழ்ந்த ஊரை, சாகக் கிடக்கும் மனுஷரைக் கடைசியாகப் பார்க்கப் போவதுபோல் போய்ப் பார்க்கச் சொல்கிறார்கள். அந்த ஊர் எப்படி நிற்கிறது என்று ஒரு நிமிஷம் யோசித்தால் இப்படிச் சொல்ல மாட்டார்கள்.

நான் கொத்தனார் வீட்டுப் பிள்ளை. எந்த ஊருக்குப் போனாலும் கண் முதலில் சுவரின் அடிக்குத்தான் போகும். வெனிஸில் இருந்த நாலு நாளும் அப்படித்தான் சுற்றினேன்.

ஊர் இருப்பது ஒரு காயலின் நடுவே, 118 சிறு தீவுகளின் மேல். பாரம் வைத்தால் உள்வாங்கும் சேறு. அதில் ஓக், லார்ச் மரக் கட்டைகளை நெருக்கி நெருக்கி அடித்து மண்ணை இறுக்கினார்கள். அடிக்கிற ஆட்கள் பாட்டுப் பாடி, அந்தத் தாளத்துக்குச் சேர்ந்து கனமான சம்மட்டியைத் தூக்கிப் போடுவார்களாம். சலூத்தே தேவாலயத்தின் அடியில் மட்டும் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கட்டைகள் இருப்பதாக 17ஆம் நூற்றாண்டிலேயே எழுதிவைத்திருக்கிறார்கள். மரமெல்லாம் கல்லாக மாறிவிட்டது என்று சுற்றுலா வழிகாட்டிகள் சொல்வது சரியில்லை. அது இன்னும் மரம்தான். காற்றுப் புகாத சேற்றில் பூஞ்சையும் புழுவும் பிழைக்க முடியாது, பாக்டீரியா மட்டும் மெதுவாக அரிக்கும். மரமும் சேறும் தண்ணீரும் சேர்ந்துதான் பாரத்தைத் தாங்குகின்றன.

சரி, அடியில் சேறு. அப்படியானால் மேலே என்ன செய்வது? பாரத்தைக் குறைக்க வேண்டும். வெனிஸின் கட்டடக்கலை முழுக்க இந்த ஒரு கவலையிலிருந்து பிறந்தது என்றுதான் நான் நினைக்கிறேன். பெருங்கால்வாயை ஒட்டிய மாளிகைகளில் பாரம் தாங்கும் முக்கியச் சுவர்கள் கால்வாய்க்குக் குறுக்காக உள்ளே ஓடுகின்றன. தண்ணீரைப் பார்த்த முகப்பு மெல்லியது, பெரும்பாலும் ஜன்னல்தான். 15ஆம் நூற்றாண்டின் கா தோரோ மாளிகை சரிகை வேலைபோல இருக்கிறது என்று எல்லோரும் படம் எடுக்கிறார்கள். அந்தச் சரிகைக்குப் பின்னால் சேற்றைப் பற்றிய பயம் இருக்கிறது. தளங்கள் மர விட்டங்களின் மேல் நிற்கின்றன. விட்டங்களுக்கு மேல் செங்கல் தூளும் சலவைக்கல் சில்லும் கலந்த சுண்ணாம்புத் தரை. கட்டடம் ஒரு பக்கம் கொஞ்சம் அமிழ்ந்தால் தரையும் கூடவே வளைந்துகொடுக்கும். நான் நுழைந்த ஒரு பழைய வீட்டில் கூடத்தின் நடுவே நின்றபோது தரை லேசாகக் குழிந்திருப்பதைக் கால் உணர்ந்தது. விரிசல் ஒன்றுகூட இல்லை.

இந்த ஊரின் பேச்சைக் கேட்காதவர்களுக்கு என்ன ஆகும் என்பதற்கும் கதை உண்டு. ரோமிலிருந்து வந்த சான்சோவினோ பெரிய கட்டடக் கலைஞர். சான் மார்க்கோ சதுக்கத்து நூலகத்தை 1537இல் தொடங்கி, ரோமானிய பாணியில் கனமான வளைவுக் கூரை போட்டார். 1545 டிசம்பரில் ஓர் இரவு அது இடிந்து விழுந்தது. அரசு அவரைப் பிடித்துச் சிறையில் போட்டது. ஓவியர் டிஷன் போன்ற நண்பர்கள் பேசி வெளியே எடுத்தார்கள். அதற்குப் பிறகு அந்த நூலகத்துக்கு மரக்கூரைதான், உள்ளே பார்ப்பதற்கு மட்டும் லேசான பொய் வளைவு. இன்றைக்கு அந்த நூலகத்தின் அழகில் யாரும் குறை சொல்ல மாட்டார்கள். என் கண்ணுக்கு, அந்த ஊருக்குப் பணிந்த பிறகுதான் அவர் அந்த ஊர்க்காரரானார்.

நம் காலத்திலும் இதே தவறு நடந்தது. கட்டடக் கலைஞர் கலாத்ரவா வடிவமைத்து 2008இல் திறந்த பாலத்தில் கண்ணாடிப் படிகள் வைத்தார்கள். மழையிலும் பனியிலும் ஆட்கள் வழுக்கி விழுந்தார்கள். கடைசியில் கண்ணாடியை எடுத்துவிட்டுக் கல் பதிக்க நகராட்சி முடிவெடுத்தது. இதற்கு நேர்மாறானது ரியால்த்தோ பாலம், 1591இல் முடிந்தது. ஒரே வளைவில் 28 மீட்டர் தாண்டும் கல் பாலம். விழுந்துவிடும் என்று அப்போதே பயமுறுத்தினார்கள். அதைக் கட்டிய அந்தோனியோ தா போந்தே அடிக்கட்டைகளைப் படிக்கட்டுபோல இறக்கி, வளைவு உதைக்கிற திசைக்கு எதிராகக் கற்களைச் சாய்த்து அடுக்கினார். இன்றும் நிற்கிறது.

குடிதண்ணீருக்கும் கட்டடக்கலையில்தான் வழி கண்டார்கள். சுற்றிலும் உப்புத் தண்ணீர், குடிக்க ஒரு சொட்டு இல்லை. அதனால் ஒவ்வொரு சதுக்கத்தையும் தோண்டி, களிமண் பூசி, மணல் நிரப்பி, நடுவில் கிணறு வைத்து மழைநீரை வடிகட்டினார்கள். 1884இல் குழாய்த் தண்ணீர் வரும்வரை ஊர் குடித்தது அதைத்தான். நாம் உட்கார்ந்து காபி குடிக்கிற சதுக்கத்துக்கு அடியில் ஒரு தொட்டி இருக்கிறது என்று தெரிந்த பிறகு நடக்கிற நடையே மாறிவிடுகிறது.

இப்போது சுவரின் அடிக்கு வருகிறேன். தண்ணீர் படும் உயரம் வரை, கடலின் எதிர்க்கரையிலுள்ள இஸ்திரியாவிலிருந்து கொண்டுவந்த வெள்ளைக்கல், அதற்கு மேல் செங்கல். அந்தக் கல் உப்புத் தண்ணீரை உள்ளே விடாது. எவ்வளவு உயரம் கல் வைப்பது என்பது அந்தக் காலத்து மேஸ்திரிகள் கடலைக் கவனித்து எடுத்த முடிவு. கணக்கு தப்பவில்லை, கடல்தான் ஏறிவிட்டது. 1872 முதல் அளந்துவருகிறார்கள். அன்றைக்கு இருந்ததைவிட இன்று மட்டம் சுமார் 30 செ.மீ. கூடுதல். பாதி கடல் ஏறியது, பாதி நிலம் இறங்கியது. கன்னரெஜியோ பகுதியில் ஒரு சுவரில் விரலால் லேசாகத் தேய்த்தேன். செங்கல் மஞ்சள்தூள்போல உதிர்ந்து விரல் நுனியில் ஒட்டியது. மேலே வெள்ளையாக உப்பு பூத்திருந்தது.

2020 முதல் காயலின் மூன்று வாய்களிலும் 78 கதவுகள் கடலடியிலிருந்து எழுந்து பெரிய வெள்ளத்தைத் தடுக்கின்றன. 2019 நவம்பரில் 187 செ.மீ. தண்ணீர் ஏறிய இரவை நினைத்தால் அது பெரிய ஆறுதல். ஆனால் சின்ன ஏற்றத்துக்கெல்லாம் கதவு எழாது. செங்கல்லில் ஏறும் உப்பை அது ஒன்றும் செய்யாது. அதற்கு மனுஷக் கைதான் வேண்டும். என் கோபமும் இங்கேதான். 1951இல் அந்தப் பழைய ஊரில் சுமார் 1,75,000 பேர் இருந்தார்கள். இன்று 50,000 பேர்கூட இல்லை. பெட்டியை இழுத்துக்கொண்டு வந்து இரண்டு நாளில் போகிறவர் சுவர் ஈரத்தைக் கவனிக்க மாட்டார். அங்கேயே பிள்ளை வளர்க்கிறவர் கவனிப்பார். நுழைவுக் கட்டணம் வசூலிப்பதில் காட்டுகிற அக்கறையை, உள்ளூர்க் குடும்பம் வாடகை கட்டி வாழ முடிவதில் காட்ட வேண்டும் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

கடைசி நாள், ஒரு சந்துக்குள் வயதான கொத்தனார் ஒருவர் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே அந்த வேலைக்குப் பேரே "பிரித்துத் தைப்பது". உப்பு தின்ற செங்கல் ரெண்டு மூன்றை மட்டும் உளியால் நோகாமல் எடுப்பார். குழியைத் துடைத்து நனைத்து, சுண்ணாம்புக் காரை வைத்து, புதுச் செங்கல்லைச் செருகுவார். அது இறுகிய பிறகுதான் பக்கத்தில் கை வைப்பார். மேலே மூன்று மாடி அப்படியே நிற்கிறது, ஒரு வீட்டு ஜன்னலில் துணி காய்கிறது. நான் ஒரு மணி நேரம் நின்று பார்த்தேன். அந்த நேரத்தில் அவர் மாற்றியது ஐந்து கல். மத்தியானம் ஆனதும் ஈரச் சாக்கை எடுத்துப் புதுக் காரையின் மேல் போர்த்திவிட்டுச் சாப்பிடப் போனார்.