தரங்கம்பாடியை விட்டுவிட்டீர்களே

மிஷனரிகள் பண்பாட்டை அழித்தார்கள், மானுடவியலாளர்கள் அதைப் பதிவு செய்து காத்தார்கள் என்று உங்கள் கட்டுரை இரண்டாகப் பிரித்துப் பேசுகிறது. எனக்கு அது சரியாகப் படவில்லை. 1706ல் தரங்கம்பாடியில் வந்திறங்கிய ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கு மதம் மாற்றத்தான் வந்தார், அதில் ஒளிவுமறைவே இல்லை. ஆனால் அவரும் சக மிஷனரி க்ரூண்ட்லரும் 1712 முதல் இங்கிருந்த தமிழர்களிடம் வழிபாடு, கல்யாணம், வைத்தியம் என்று எழுத்தில் கேள்வி கேட்டு, வந்த பதில்களில் 99 கடிதங்களை ஜெர்மனில் பெயர்க்க, அவை ஜெர்மனியின் ஹாலே நகரில் அச்சாயின. கிறிஸ்தவர்களை ஏன் பிடிக்கவில்லை என்ற கேள்விக்கு, மாட்டைத் தின்கிறீர்கள், குடிக்கிறீர்கள், சுத்தம் பார்ப்பதில்லை என்று நம் ஆட்கள் முகத்துக்கு நேராக எழுதியதும் அதில் இருக்கிறது.

1713ல் சீகன்பால்கு எழுதிய தென்னிந்தியத் தெய்வங்கள் பற்றிய நூலில் சிவன், விஷ்ணு மட்டுமல்ல, ஐயனார், மாரியம்மன், எல்லம்மன், பிடாரி எல்லாம் உண்டு. அதை அச்சிட மறுத்தது யார்? அவருடைய மிஷனுக்குப் பின்னால் நின்ற ஹாலேக்காரர்களேதான். புறச்சமயத்தை ஒழிக்க அனுப்பினால் அதை ஐரோப்பாவில் பரப்புவதா என்று அவர்களுக்கு ஆத்திரம். கடைசியில் 1867ல்தான் சென்னையில் அச்சேறியது.

இது விதிவிலக்கும் இல்லை. பசிபிக் தீவான நியூ கலிடோனியாவில் இருபது வருஷத்துக்கு மேல் மிஷனரியாக இருந்த மொரிஸ் லேன்ஹார்ட்தான் பிற்பாடு பாரிசில் பிரெஞ்சு மானுடவியலாளர் மார்செல் மோஸின் பேராசிரியர் இடத்துக்கு வந்தார்.

அதற்காக மிஷனரிகளுக்கு நற்சான்றிதழ் கொடுக்கச் சொல்லவில்லை, கேட்டதெல்லாம் மாற்றுவதற்காகத்தான். ஆனால் பதில் எழுதிய அந்தத் தமிழர்களைப் பற்றி உங்கள் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லை, அதுதான் எனக்கு வருத்தம். அடுத்த பகுதியிலாவது எழுதுங்கள்.