பணம் மட்டுமா காரணம்?

வயது வித்தியாசம் அதிகமுள்ள காதலைப் பற்றி ஒரு கட்டுரை படித்தேன். வயதான ஆணை ஓர் இளம்பெண் காதலித்தால் பின்னால் பணம்தான் இருக்கும் என்று அது ஒரே போடாகப் போட்டுவிட்டது. அவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட முடியாது. சார்லி சாப்ளின் 1943இல் ஊனா ஓநீலை மணந்தபோது அவருக்கு 54, ஊனாவுக்கு 18. பெண்ணின் தந்தை நாடக ஆசிரியர் யூஜீன் ஓநீல், நோபல் பரிசு பெற்றவர். மாப்பிள்ளை அவரைவிட ஆறே மாதம்தான் இளையவர்! மனிதர் மகளோடு உறவையே முறித்துக்கொண்டார். ஆனால் எட்டுப் பிள்ளைகளோடு அந்த மணவாழ்க்கை 34 ஆண்டுகள் நிலைத்தது.

சரி, அதற்காக எல்லாம் சுபம் என்று சொல்ல வரவில்லை. சாப்ளின் 1977இல் 88 வயதில் இறந்தபோது ஊனாவுக்கு 52தான். காதலிக்கும்போது இந்தக் கணக்கை யார் போட்டுப் பார்க்கிறார்கள்? பெரும்பாலும் அந்தப் பெண்ணின் அம்மாதான் போடுவார், அவரை யாரும் கேட்பதில்லை.

என்னைக் கேட்டால், இடைவெளி எத்தனை ஆண்டு என்பதைவிட அது எந்த வயதில் தொடங்குகிறது என்பதுதான் முக்கியம். 40 வயதுப் பெண்ணும் 62 வயது ஆணும் சேர்ந்தால் இருவருக்கும் வேலை, நண்பர்கள், பட்ட அனுபவம் எல்லாம் இருக்கும். அதே 22 ஆண்டு இடைவெளி 19க்கும் 41க்கும் நடுவில் வந்தால் கதையே வேறு. எங்கே குடியிருப்பது, அவள் படிப்பைத் தொடர்வதா, குழந்தை எப்போது என்று எல்லாவற்றையும் அவரே முடிவு செய்வார், அவளும் அதை அக்கறை என்று நினைத்துக்கொள்வாள். பிடிக்காமல் போனால் வெளியே வர அவளிடம் சொந்தச் சம்பாத்தியம் இருக்கிறதா? கட்டுரையாளர் இதைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லை.